கல் சொன்னதும் எலும்பு சொன்னதும்

(மில் தொழிலாளர்களும் விவசாயத் தொழிலாளர்களும் கூடியிருந்த ஒரு வாசகசாலைக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)



பகல் ஷிப்டு முடிந்து வீட்டுக்குக்கூடப் போகாமல் நேராக இங்கே வந்து உட்கார்ந்திருக்கிறீர்கள். நாள் முழுதும் வயலில் குனிந்து நாற்று நட்ட கையோடு வந்த தாய்மார்களும் இருக்கிறீர்கள். இந்த நேரத்தில், மூவாயிரத்து முந்நூறு வருஷங்களுக்கு முன்னால் எகிப்து தேசத்தில் கட்டப்பட்டு, இருபது வருஷத்துக்குள் கைவிடப்பட்ட ஒரு ராஜதானியைப் பற்றி நான் பேசப் போகிறேன். "அந்த ஊர்க் கதை நமக்கு எதற்கு?" என்று ஒருவர் கேட்கலாம். நியாயமான கேள்விதான். பேச்சு முடிந்ததும் அதற்குப் பதிலை நீங்களே சொல்லுங்கள்.

எகிப்து என்றதும் எல்லோருக்கும் பிரமிடுகள் நினைவுக்கு வரும். நான் சொல்லப் போவது அதுவல்ல. பெரிய பிரமிடுகளைக் கட்டி ஏறத்தாழ ஆயிரத்து இருநூறு வருஷம் கழிந்த பிறகு நடந்த கதை இது.

முதலில் அந்த நாட்டைக் கொஞ்சம் தெரிந்துகொள்வோம். எகிப்து என்றால் நைல் நதி. நதியின் இரு கரையிலும் ஒரு பட்டைக் கறுப்பு மண். அதைத் தாண்டினால் பாலைவனம். வருஷா வருஷம் வெள்ளம் வரும், வண்டலைப் போட்டுவிட்டு வடியும். அந்த வண்டலில் குடியானவன் கோதுமையும் வாற்கோதுமையும் ஆளி நாரும் விளைவித்தான். நாணயம் என்ற ஒன்று அப்போது அங்கே கிடையாது. வரி கட்டுவதும் தானியம்தான், கூலி வாங்குவதும் தானியம்தான். களத்து மேட்டில் கணக்கன் வந்து அளந்து எழுதுவான். அளந்த தானியம் ராஜாவின் களஞ்சியத்துக்கும் கோயில் களஞ்சியத்துக்கும் போகும்.

ராஜாவுக்குப் பாரோ என்று பெயர். கோயில்களில் மிகப் பெரியது தீப்ஸ் நகரத்து ஆமுன் கோயில். இன்றைக்கு லுக்சார் என்று வழங்கும் ஊர் அது. பாரோக்கள் அண்டை நாடுகளின்மேல் படையெடுத்துக் கொண்டுவந்த கொள்ளையில் ஒரு பங்கு ஆமுனுக்குப் போயிற்று. நிலம், மாடு, கப்பல், பட்டறை எல்லாம் அந்தக் கோயிலுக்கு உண்டு. புரோகிதர்கள் என்றால் மந்திரம் சொல்கிறவர்கள் மட்டுமல்ல. பெரும் நிலச் சொத்தை நிர்வாகம் செய்கிறவர்கள். இதை மனத்தில் வைத்துக் கொள்ளுங்கள்.

புது ராஜா, புது சாமி

கி.மு. 1353 வாக்கில் நாலாம் அமென்ஹோதெப் என்பவன் பட்டத்துக்கு வந்தான். அந்தப் பெயரிலேயே ஆமுன் சாமியின் பெயர் இருக்கிறது. ஆனால் இந்த ராஜாவுக்கு ஆமுனைப் பிடிக்கவில்லை. ஆதென் என்ற சூரிய வட்டம்தான் தெய்வம் என்றான். பட்டத்துக்கு வந்த ஐந்தாம் வருஷ வாக்கில் தன் பெயரையே அக்கெநாதென் என்று மாற்றிக் கொண்டான். அதோடு நிற்கவில்லை. பின்னால் உளியும் சுத்தியலுமாக ஆட்களை அனுப்பி, நாடு முழுவதும் கோயில் சுவர்களில் ஆமுனின் பெயரைச் செதுக்கி எடுக்கச் சொன்னான். பெற்ற தகப்பனின் பெயரில் இருந்த ஆமுனைக்கூட அவன் விட்டுவைக்கவில்லை.

இதை வைத்து இந்த ராஜாவைப் புகழ்ந்து எழுதிய புத்தகங்கள் ஏராளம். உலகத்தில் முதன்முதலாக ஒரே கடவுள் என்று சொன்னவன் என்பார்கள். மூடநம்பிக்கையை எதிர்த்த புரட்சிக்காரன் என்பார்கள். அமெரிக்க சரித்திர ஆசிரியர் பிரெஸ்டட் அவனைச் சரித்திரத்தின் முதல் தனிமனிதன் என்றே பாராட்டினார்.

பாராட்டட்டும். ஆனால் ராஜா வரையச் சொன்ன படத்தை நாமும் ஒரு முறை பார்ப்போம். மேலே சூரிய வட்டம். அதிலிருந்து கிரணங்கள் கீழே இறங்குகின்றன. ஒவ்வொரு கிரணத்தின் நுனியிலும் ஒரு சின்னக் கை. சில கைகளில் உயிரைக் குறிக்கும் சின்னம் இருக்கிறது. அந்தக் கைகள் உயிரை யாருடைய மூக்குக்கு நேரே நீட்டுகின்றன? ராஜாவுக்கும் ராணி நெபர்டிட்டிக்கும். சுற்றிலும் பிரபுக்கள், சேவகர்கள், போர்வீரர்கள் எல்லோரும் குனிந்து நிற்கிறார்கள். அவர்கள் பக்கம் அந்தக் கைகள் உயிரை நீட்டவே இல்லை.

ஐ என்ற பிரபுவின் கல்லறைச் சுவரில் சூரியனைப் பற்றிய ஒரு நீண்ட துதி வெட்டியிருக்கிறது. முட்டைக்குள் இருக்கும் குஞ்சுக்கு மூச்சுக் கொடுப்பதும், எல்லா தேசத்து ஜனங்களுக்கும் ஆகாரம் கொடுப்பதும் சூரியன்தான் என்று பாடுகிறது. அழகான கருத்து. ஆனால் அதே துதி, அந்தச் சூரியனை உள்ளபடி அறிந்தவன் ராஜா ஒருவன்தான் என்றும் முடிக்கிறது. வெயில் எல்லோருக்கும் பொது. அதற்கு வாரிசு ஒருவன் மட்டும்!

பொட்டல் வெளியில் ஒரு ராஜதானி

பழைய தலைநகரில் ஆமுனின் நிழல் விழாத இடம் கிடையாது. ஆகவே புதிதாக ஒரு நகரம் வேண்டும் என்றான் ராஜா. இடத்தையும் அவனே தேர்ந்தெடுத்தான். இன்றைய கெய்ரோவுக்குத் தெற்கே ஏறத்தாழ 300 கிலோமீட்டர் தூரத்தில், நைலின் கிழக்குக் கரையில், மலைகள் பிறைபோல் வளைந்து நிற்க, நடுவில் ஒரு பாலைவன வெளி. இன்றைக்கு அதற்கு அமர்னா என்று பெயர். அன்றைக்கு ராஜா வைத்த பெயர் அக்கெதாதென். ஆதெனின் அடிவானம் என்று பொருள்.

மலைப் பாறைகளில் எல்லைக் கல்வெட்டுகள் வெட்டினார்கள். அவை இன்றும் இருக்கின்றன. இந்த இடம் முன்பு எந்த தெய்வத்துக்கும் எந்த அரசனுக்கும் சொந்தமாக இருந்ததில்லை என்று அதில் ராஜா சொல்கிறான். தான் வேறு எங்கே இறந்தாலும் தன் உடலை இங்கே கொண்டுவந்து புதைக்க வேண்டும் என்றும் சொல்கிறான். யார் யாருக்கு எங்கே கல்லறை, எந்தக் கோயில், எந்த அரண்மனை என்றெல்லாம் விவரமாக இருக்கிறது. கல்லை வெட்டப் போகிறவன் எங்கே படுப்பான், என்ன சாப்பிடுவான் என்பதைப் பற்றி ஒரு வார்த்தை கிடையாது.

ராஜாவுக்கு அவசரம். பழைய பாரோக்கள் கட்டியதுபோல் பெரும் பாறைகளை இழுத்து வந்து கட்டினால் காலம் பிடிக்கும். அதனால் ஒரு புது முறை வந்தது. கல்லைச் சின்னதாக, ஒரே அளவாக வெட்டினார்கள். நீளம் அரை மீட்டருக்குக் கொஞ்சம் அதிகம். அகலமும் உயரமும் அதில் ஏறக்குறைய பாதி. தலாத்தாத் என்று இன்றைக்கு அதற்குப் பெயர். ஒரு கல்லின் எடை சுமார் 60 கிலோ. ஒரு கல்லை ஒரு ஆள் தூக்கலாம் என்பதுதான் கணக்கு.

தோழர்களே! இந்த இடத்தில் கொஞ்சம் நில்லுங்கள். சரித்திரப் புத்தகத்தில் இதை "சிக்கனமான, விரைவான கட்டட முறை" என்று எழுதியிருப்பார்கள். உங்களில் நெல் மூட்டை தூக்குகிறவர்கள் இருக்கிறீர்கள், பஞ்சுப் பொதி தூக்குகிறவர்கள் இருக்கிறீர்கள். 60 கிலோ என்றால் என்ன என்று உங்களுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. அதுவும் சாக்கு மூட்டை அல்ல. முனை உள்ள கல். மலையிலிருந்து நகரம் வரையில் வெறும் மணல். தலைக்கு மேலே ராஜாவின் சாமி, உச்சி வெயிலாகக் காய்ந்து கொண்டிருக்கிறது!

நகரம் எழும்பிற்று. நதியோரமாகப் பல கிலோமீட்டர் நீளத்துக்கு அரண்மனைகள், கோயில்கள், காரியாலயங்கள், வீடுகள். பெரிய ஆதென் கோயிலின் மதிலுக்குள் மட்டும் ஏறக்குறைய 800 மீட்டர் நீளம், 300 மீட்டர் அகலம். கூரை இல்லாத கோயில். உள்ளே வரிசை வரிசையாக நூற்றுக்கணக்கான படையல் மேடைகள். அந்த மேடைகளில் ரொட்டியும் இறைச்சியும் வாத்தும் காய்கறியும் மலைபோல் குவிந்திருப்பதாகக் கல்லறைச் சுவர்களில் படம் எழுதியிருக்கிறார்கள்.

அந்த நகரத்தில் 20,000 முதல் 50,000 பேர் வரை வாழ்ந்திருக்கலாம் என்று ஆராய்ச்சியாளர்கள் மதிப்பிடுகிறார்கள். பிரபுவின் வீட்டுக்குத் தோட்டம், கிணறு, சொந்தக் களஞ்சியம். அதையொட்டிச் சந்து பொந்துகளில் சின்னச் சின்ன மண் வீடுகள். ராஜா அரண்மனை ஜன்னலில் நின்று தனக்குப் பிடித்த பிரபுக்களுக்குத் தங்க மாலைகளை வீசுவான். அவர்கள் கைதூக்கி வாங்கிக் கொள்வார்கள். இதையும் பிரபுக்களே பெருமையாகத் தங்கள் கல்லறைகளில் வரைந்து வைத்திருக்கிறார்கள். போலீஸ் தலைவன் மகு என்பவன், தான் ஆட்களைப் பிடித்துக்கொண்டு போய் மந்திரி முன்னால் நிறுத்தியதை வரைந்து வைத்திருக்கிறான்.

நகரத்துக்குக் கிழக்கே, பாலைவனத்துக்குள் தனியாக ஒரு தொழிலாளர் குடியிருப்பு. சுற்றிலும் மதில். உள்ளே நேர் வரிசையில் எழுபதுக்கு மேற்பட்ட வீடுகள். எல்லாம் ஒரே அளவு. ஒரே ஒரு வீடு மட்டும் பெரிது. அது மேஸ்திரி வீடாக இருக்கும் என்று கருதுகிறார்கள். நம் மில் லைன் வீடுகளைப் பார்த்தவர்களுக்கு இந்த அமைப்புப் புதிதல்ல. அங்கே கிணறு கிடையாது. தண்ணீர் வெளியிலிருந்து வந்தது. ராஜா ஆதென் ஒன்றே சாமி என்றான் அல்லவா? இந்த வீடுகளைத் தோண்டியபோது பிரசவத்தையும் குழந்தைகளையும் காக்கும் பழைய வீட்டுத் தெய்வங்களின் உருவங்களும் தாயத்துகளும் கிடைத்தன. தாயும் பிள்ளையும் பிழைக்க வேண்டுமே என்ற கவலை அந்த மக்களுக்கு. அந்தக் கவலைக்கு ராஜாவின் புது சாமி பதில் சொல்லவில்லை.

தங்கமும் தபாலும்

1887இல் அமர்னாவில் ஒரு கிராமத்துப் பெண் உரத்துக்காகப் பழைய மண் தோண்டியபோது களிமண் பலகைகள் சில கிடைத்தன என்று சொல்வார்கள். அவையெல்லாம் ராஜாங்கக் கடிதங்கள். இன்று வரை சுமார் 380 கிடைத்திருக்கின்றன. பாபிலோன், அசீரியா, மித்தன்னி முதலிய தேசத்து ராஜாக்கள் எகிப்து ராஜாவுக்கு எழுதியவை அவற்றில் முக்கியமானவை.

என்ன எழுதுகிறார்கள்? பெரும்பாலும் தங்கம்! அசீரிய ராஜா, உங்கள் நாட்டில் தங்கம் தெருப்புழுதி மாதிரி கிடக்கிறதே, எனக்கு ஏன் இவ்வளவு குறைவாக அனுப்புகிறாய் என்று கேட்கிறான். பாபிலோன் ராஜா, நீ அனுப்பிய தங்கத்தை உலையில் போட்டுப் பார்த்தேன், கால் பங்குகூடத் தேறவில்லை என்று புகார் செய்கிறான். மித்தன்னி ராஜா துஷ்ரத்தா, உன் தகப்பன் முழுத் தங்கச் சிலை தருவதாகச் சொன்னான், நீ மரத்துக்குத் தங்கத் தகடு அடித்து அனுப்பிவிட்டாயே என்று வருத்தப்படுகிறான். ஒருவருக்கொருவர் "சகோதரா" என்று விளித்துக் கொண்டு ராஜாக்கள் செய்த பேரம் இது. தெற்கே நூபியாவின் பாலைவனச் சுரங்கங்களில் அந்தத் தங்கத்தைத் தோண்டியவர்களைப் பற்றி அந்தக் கடிதங்களில் பேச்சே இல்லை.

ஒரு கடிதத்தில் மட்டும் ஒரு விசேஷம் இருக்கிறது. அசீரிய ராஜா தன் தூதர்களைப் பற்றி எழுதுகிறான்: அவர்களை ஏன் வெயிலிலேயே நிறுத்தி வைக்கிறீர்கள், தூதன் ஏன் வெயிலில் சாக வேண்டும் என்று கேட்கிறான். வேறு தேசத்து ராஜாவுக்கே பொறுக்கவில்லை, பாருங்கள்! தூதனுக்காகக் கேட்க ஒரு ராஜா இருந்தான். கல் சுமந்தவனுக்காகக் கேட்க யார் இருந்தார்கள்?

எலும்புகள் பேசின

நூறு வருஷத்துக்கு மேல் அறிஞர்கள் அமர்னாவைத் தோண்டினார்கள். 1891இல் பிளிண்டர்ஸ் பெட்ரி வந்தார். 1912 டிசம்பர் 6ஆம் தேதி ஜெர்மானியர்கள் துத்மோஸ் என்ற சிற்பியின் பட்டறையில் ராணி நெபர்டிட்டியின் வர்ணம் தீட்டிய சிலையைக் கண்டெடுத்து பெர்லினுக்குக் கொண்டு போனார்கள். எங்கள் சொத்தைத் திருப்பிக் கொடு என்று எகிப்து கேட்டும் சிலை பெர்லினிலேயே இருக்கிறது. உலகமே அந்த முகத்தைப் பார்த்து வியந்தது. அரண்மனை, கோயில், பிரபுக்களின் கல்லறை எல்லாவற்றையும் அளந்து எழுதினார்கள். ஆனால் ஒரு கேள்வி பாக்கி இருந்தது. பல ஆயிரம் ஜனங்கள் வாழ்ந்த ஊரில் இறந்துபோன சாமான்ய ஜனங்களை எங்கே புதைத்தார்கள்?

1977 முதல் பாரி கெம்ப் என்ற அறிஞர் அங்கே வேலை செய்தார். 2024இல் அவர் காலமானார். ரொட்டி எப்படிச் சுட்டார்கள், பன்றி எங்கே வளர்த்தார்கள், தண்ணீர் எப்படி வந்தது என்று சாமான்யர்களின் வாழ்க்கையை விசாரித்தவர் அவர். அவருடைய குழுவினர் தெற்குப் பக்கத்து மலை இடுக்கில் ஒரு பெரிய இடுகாட்டைக் கண்டு, 2006 முதல் 2013 வரை தோண்டினார்கள். நானூறு பேருக்கு மேற்பட்டவர்களின் எலும்புகள் கிடைத்தன. ஒரு சிலருக்கே மரப்பெட்டி. மற்றவர்களைப் பாயில் சுருட்டிக் கயிற்றால் கட்டி மணலில் புதைத்திருக்கிறார்கள்.

எலும்பை ஆராய்கிற நிபுணர்கள் பார்த்துச் சொன்னது என்ன? பெரும்பாலோர் முப்பத்தைந்து வயதைத் தாண்டவில்லை. குழந்தைகள் வயதுக்குத் தக்க வளர்ச்சி இல்லாமல் குன்றிப் போயிருக்கிறார்கள். கண்குழி எலும்பில் துளைகள்; சத்துக் குறைவினாலும் ரத்த சோகையினாலும் வருகிற அடையாளம் அது. இளவயதுக்காரர்களின் முதுகுத்தண்டிலும் மூட்டுகளிலும் கிழவர்களுக்கு வருகிற தேய்மானம். தாங்க முடியாத சுமையைத் தூக்கித் தூக்கி நசுங்கிய முதுகெலும்புகள்.

படையல் மேடையில் மலைபோல் இறைச்சி குவிந்திருந்த ஊர் இதுதான், தோழர்களே! சுவரில் வரைந்த படத்தில் பஞ்சமே இல்லை. எலும்பில்தான் பசி இருக்கிறது.

சில ஆண்களின் தோள்பட்டை எலும்பில் ஈட்டியால் குத்திய காயம் இருக்கிறது. குத்து முதுகுப் பக்கமிருந்து விழுந்திருக்கிறது; பிறகு ஆறியும் இருக்கிறது. சண்டையில் பட்டது அல்ல, தண்டனை என்று நிபுணர்கள் கருதுகிறார்கள். காரணம், கொஞ்ச காலம் கழித்து வந்த ஹோரெம்ஹெப் என்ற பாரோவின் சாசனத்தில், தோல் திருடியவனுக்கு நூறு அடியும் ஐந்து ரத்தக் காயமும் என்று ஒரு தண்டனை எழுதியிருக்கிறது.

இதைவிடக் கொடுமையான ஒன்றை இனிமேல்தான் சொல்ல வேண்டும். நகரத்தின் வடக்குப் பக்கத்தில், சுண்ணாம்புக்கல் வெட்டிய குவாரிகளுக்கு அருகில் இன்னொரு இடுகாடு. 2015இல் அதைத் தோண்ட ஆரம்பித்தார்கள். முதலில் ஆராய்ந்த 105 பேரில் பத்தில் ஒன்பது பங்குக்கு மேல் 7 வயதிலிருந்து 25 வயதுக்குள் இருந்தவர்கள். அவர்களில் பெரும்பகுதி 15 வயதுகூட நிரம்பாத பிள்ளைகள்!

ஊர் இடுகாடு என்றால் கைக்குழந்தையும் இருக்கும், கிழவன் கிழவியும் இருப்பார்கள். நோயில் முதலில் போகிறவர்கள் அவர்கள்தானே! ஏழு வயதுக்கு மேல் பன்னிரண்டு பதினான்கு வயது என்பது சாவு அதிகம் தொடாத வயது. இங்கே அந்த வயதுப் பிள்ளைகள்தான் வரிசையாகக் கிடக்கிறார்கள். அந்தப் பிஞ்சு முதுகெலும்புகளிலும் சுமையின் காயம். பல குழிகளில் இரண்டு மூன்று பேரை ஒன்றாகப் போட்டிருக்கிறார்கள். அநேகமாகத் தாயத்து, மணி, சட்டி பானை என்று எதுவுமே கூட வைக்கவில்லை. பெற்றவர்கள் பக்கத்தில் இருந்து புதைத்திருந்தால் ஒரு மணியாவது கழுத்தில் போட்டிருக்க மாட்டார்களா? குடும்பத்திலிருந்து பிரித்து, கட்டாய வேலைக்குக் கொண்டுவந்த பிள்ளைகளாக இவர்கள் இருக்க வேண்டும் என்று ஆராய்ச்சியாளர்கள் கருதுகிறார்கள்.

60 கிலோ கல்லை ஒரு ஆள் தூக்கலாம் என்று கணக்குப் போட்டார்களே, அந்த ஆளுக்கு என்ன வயது என்று அப்போது நாம் கேட்கவில்லை. இந்த இடுகாட்டைப் பார்த்த பிறகு கேட்காமல் இருக்க முடியவில்லை.

நகரம் போயிற்று

ராஜா பட்டத்துக்கு வந்த பதினேழாம் வருஷத்தில், கி.மு. 1336 வாக்கில், செத்தான். குழப்பமான சில வருஷங்களுக்குப் பிறகு எட்டு ஒன்பது வயதுச் சிறுவன் ஒருவனைச் சிம்மாசனத்தில் உட்கார வைத்தார்கள். துத்தன்காதென் என்று பெயர். அதைத் துத்தன்காமுன் என்று மாற்றினார்கள். ஆதென் போய் ஆமுன் திரும்ப வந்தாகிவிட்டது. கோயில்களுக்கெல்லாம் சொத்தும் சிலையும் திருப்பிக் கொடுத்ததாக இந்தச் சிறுவன் பெயரால் ஒரு கல்வெட்டு நட்டார்கள். அரசாங்கம் அமர்னாவை விட்டுப் போயிற்று. அரசாங்கம் போனதும் ஜனங்களும் போனார்கள். ஆற்றோரத்துக் கிராமம் போல் அது தானாக வளர்ந்த ஊரா என்ன? ராஜாவின் உத்தரவால் வந்தது, உத்தரவு நின்றதும் நின்றது.

பிறகு பட்டத்துக்கு வந்தவர்கள் அவன் கோயில்களை இடித்தார்கள். ஒரு ஆள் தூக்கும்படி வெட்டிய கல் அல்லவா? கட்டுவதற்கு எவ்வளவு சுலபமோ அவ்வளவு சுலபம் பெயர்ப்பதற்கும்! தீப்ஸில் அவன் கட்டிய கோயில்களின் கற்களை ஹோரெம்ஹெப் ஆமுன் கோயில் கோபுரங்களுக்குள் கொட்டி நிரப்பினான். அமர்னாவின் கற்களை இரண்டாம் ராம்சேஸ் காலத்தில் ஆற்றுக்கு அக்கரைக்குக் கொண்டுபோய் வேறு கட்டடத்துக்கு அஸ்திவாரமாகப் போட்டார்கள். ராஜாக்களின் வரிசைப் பட்டியலிலிருந்து அக்கெநாதென் பெயரை எடுத்துவிட்டார்கள். ஒரு நில வழக்கில் அவன் காலத்தைக் குறிப்பிட வேண்டி வந்தபோது, பெயரைச் சொல்லாமல் "அக்கெதாதென் பகைவன்" என்று எழுதினார்கள். தான் ஆமுனுக்குச் செய்ததையே அவனுக்கும் செய்தார்கள்.

1922 நவம்பரில் ஹோவர்ட் கார்ட்டர் துத்தன்காமுனின் கல்லறையைக் கண்டுபிடித்தார். பத்தொன்பது வயது வாக்கில் செத்துப்போன அந்தப் பையனுக்குச் செய்த உள் சவப்பெட்டி மட்டும் சுமார் 110 கிலோ தங்கம். அந்தப் பையன் பிறந்து வளர்ந்த காலத்தில் அவன் வயதுப் பிள்ளைகள் அமர்னா மணலில் ஒரு பாயில் சுருண்டு கிடந்தார்கள்.

இப்போது சொல்லுங்கள். ராஜாவுக்கும் புரோகிதர்களுக்கும் நடந்தது பெரிய சண்டைதான். ஒரு கோயிலின் செல்வம் இன்னொரு கோயிலுக்குப் போயிற்று, பிறகு திரும்பி வந்தது. ஆதென் ஜெயித்த போதும் கல்லைச் சுமந்தவன் அவன்தான். ஆமுன் ஜெயித்த போது அதே கல்லைப் பெயர்த்துச் சுமந்தவனும் அவன்தான். ஹோரெம்ஹெப் சாசனத்தைப் படித்தால், ராஜாங்கச் சிப்பாய்கள் ஏழைகளின் தோலையும் படகையும் பிடுங்குகிறார்கள் என்ற புகார்தான் வரிக்கு வரி இருக்கிறது. சாமி மாறிற்று. சுமை மாறவில்லை.

பசி என்று சொன்னவர்கள்

இந்தப் பேச்சை இடுகாட்டிலேயே முடிக்க எனக்கு மனமில்லை. இன்னும் ஒரே ஒரு செய்தி.

அமர்னா பாழாகி ஏறத்தாழ 175 வருஷம் கழித்து, மூன்றாம் ராம்சேஸின் 29ஆம் ஆட்சி வருஷத்தில், தீப்ஸுக்கு எதிர்க்கரையில் ஒரு சம்பவம் நடந்தது. அங்கே தேர் எல் மெதினா என்று இன்று அழைக்கப்படும் ஒரு தொழிலாளர் குடியிருப்பு. அமர்னாவில் பார்த்தோமே, மதில் சூழ்ந்த வரிசை வீடுகள், அதே மாதிரி. ராஜாக்களின் கல்லறைகளைக் குடைவது அவர்கள் தொழில். கூலித் தானியம் வந்து சேரவில்லை. ஒரு நாள் அவர்கள் உளியைக் கீழே வைத்தார்கள். காவல் மதில்களைத் தாண்டிக் கூட்டமாக வெளியே போய், ஒரு கோயிலின் பின்புறம் உட்கார்ந்து விட்டார்கள். பசியும் தாகமும் எங்களை இங்கே கொண்டுவந்தன, துணி இல்லை, எண்ணெய் இல்லை, மீன் இல்லை, காய்கறி இல்லை, பாரோவுக்கு எழுதி அனுப்புங்கள் என்றார்கள். அதிகாரிகள் வந்து சமாதானம் சொன்னார்கள். அவர்கள் எழுந்திருக்கவில்லை. அடுத்த நாளும் போய் உட்கார்ந்தார்கள். நிலுவையாக இருந்த முந்திய மாதத்துத் தானியம் வந்தது. அதன் பிறகும் கூலி தவறியபோதெல்லாம் மறுபடி மறுபடி உட்கார்ந்தார்கள்.

இது கட்டுக்கதை அல்ல. அன்றைய எழுத்தன் ஒருவன் பாப்பிரஸ் தாளில் எழுதி வைத்தது. இத்தாலியில் டூரின் நகரத்து மியூசியத்தில் இருக்கிறது. உலகத்தில் எழுத்தில் பதிவாகிக் கிடைத்திருக்கும் முதல் வேலைநிறுத்தம் என்று இதைச் சொல்கிறார்கள்.

அவர்கள் கைத்தொழில் தெரிந்தவர்கள். அவர்களுக்குள் எழுதத் தெரிந்தவர்கள் இருந்தார்கள். ஒரே ஊரில் பக்கத்துப் பக்கத்து வீட்டில் குடியிருந்தார்கள். ஆகவே சேர்ந்து உட்கார முடிந்தது, சொன்னதை எழுதவும் ஆள் இருந்தது. அமர்னாவின் குவாரிப் பிள்ளைகளுக்கு அது ஒன்றும் இல்லை. தாய் தகப்பன் பக்கத்தில் இல்லை, எழுத்து இல்லை, கேட்க ஒருவர் இல்லை. அவர்கள் சொல்ல நினைத்தது மூவாயிரத்து முந்நூறு வருஷம் மணலுக்கடியில் காத்திருந்து, கடைசியில் எலும்பின் மூலமாகத்தான் வெளியே வந்தது.

இனி யாராவது ஒரு பெரிய கட்டடத்தைக் காட்டி, இதை இன்ன ராஜா கட்டினான் என்று உங்கள் பிள்ளைகளுக்குச் சொன்னால், நீங்கள் பக்கத்தில் இருந்து இன்னும் இரண்டு கேள்வி கேட்கச் சொல்லிக்கொடுங்கள். கல்லைத் தூக்கியது யார்? அவனை எங்கே புதைத்தார்கள்?

ஆரம்பத்தில் ஒரு கேள்வியைப் பாக்கி வைத்தேன், அந்த ஊர்க் கதை நமக்கு எதற்கு என்று. பதிலை உங்களிடமே விட்டுவிட்டு என் பேச்சை முடித்துக் கொள்கிறேன்.